மாலை போடத் தூக்கிய கைகள்

நான் மூன்றரை அடி உயரம். தங்கையின் கல்யாணத்தன்று எனக்கு முப்பத்தொரு வயது. திருவாடானையில் அரசாங்க வேலை. இராமநாதபுரத்து மண்டப வாசலில் மாப்பிள்ளைக்கு மாலை போட்டு உள்ளே அழைத்துவர வேண்டியது பெண்ணின் அண்ணன், அதாவது நான்.

மாப்பிள்ளை ஆறடிக்காரர். “நான் குனிஞ்சுக்கிறேன் மச்சான், கவலைப்படாதீங்க” என்று முந்தின நாளே போனில் சொல்லியிருந்தார். சொன்னபடி குனியவும் செய்தார். அதற்குள் அவருடைய சித்தப்பா, “மாப்பிள்ள எதுக்குத் தலை குனியணும்? ஏலே, நீ மேல வா” என்று பின்னாலிருந்து அக்குளில் கைகொடுத்து என்னைத் தூக்கிவிட்டார்.

வாசலே சிரித்தது. வீடியோக்காரர் விளக்கை என் முகத்துக்குத் திருப்பினார். என் கால்கள் அந்தரத்தில் உதைத்துக்கொண்டன. வேட்டி நழுவியது.

“இறக்கி விடுங்க.”

“போட்டோ எடுக்கட்டும், இருலே” என்று குலுக்கினார்.

தலையைப் பின்னால் ஓங்கி மோதினேன். அவர் மூக்கெலும்பு உடைந்த சத்தம் என் மண்டைக்குள் கேட்டது. கேட்கச் சந்தோஷமாக இருந்தது. அதை இன்றுவரை யாரிடமும் சொன்னதில்லை. அவர் கையை விட, நான் படியில் விழுந்தேன். அவர் மகன் ஷூ காலால் என் விலாவில் மிதித்தான். மூச்சு நின்றது. மறுபடி காலை ஓங்கினான்.

என்னை யார் கேலி செய்தாலும் அசட்டுச் சிரிப்புச் சிரித்தே பழகிய, என்னைப் பெற்ற அய்யா, இரும்பு நாற்காலியைத் தூக்கி அவன் தோளில் இறக்கினார். பிறகு யார் யாரை அடித்தார்கள் என்றே தெரியவில்லை. பன்னீர்ச் செம்பு பறந்தது. சந்தனத்தில் ரத்தம் தெறித்தது. மேளக்காரர்கள் நாயனத்தை மார்போடு அணைத்துக்கொண்டு சுவரோரம் ஒதுங்கினார்கள்.

தங்கை மணப்பெண் அறையிலிருந்து ஓடிவந்து என் முன்னால் நின்றாள். மாப்பிள்ளையைப் பார்த்துக் கத்தினாள்.

“எங்கண்ணனத் தூக்குறப்ப நீங்க எங்க இருந்தீங்க?”

“இங்கனதான் இருந்தேன்” என்றார் அவர். “தடுத்திருக்கணும். தடுக்கல.”

சட்டென்று படியில் மண்டியிட்டார். சண்டை தானாகத் தணிந்தது. நசுங்கிப் பாதி உதிர்ந்திருந்த மாலையைப் போட்டேன். அது அவர் காதில் மாட்டிக்கொண்டது. இந்த முறை யாரும் சிரிக்கவில்லை.

முகூர்த்தம் தவறவில்லை. சித்தப்பா ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டு மூக்கில் பஞ்சோடு திரும்பி, பந்தியில் எனக்கு எதிரே உட்கார்ந்தார். பக்கத்தில் அய்யாவின் வலது கை வீங்கியிருந்தது. சோறு பிசைய முடியவில்லை. பரிமாறியவரிடம் அய்யாவுக்கு ஒரு ஸ்பூன் கேட்டேன்.