தராசு நேராக நின்ற நாள்

இன்று திருப்பதிக் கடையில் அச்சு வெல்லத்தை முகர்ந்ததும், சித்தூர் வெல்ல மண்டிக்குப் பின்னால் இருந்து இப்போது இல்லாமல் போன தகரக் கொட்டகைப் பள்ளிக்கூடம் நினைவுக்கு வந்தது. இடுப்பில் தம்பியோடு அதன் வாசற்படியில் உட்கார்ந்திருப்பேன். அவன் அழாதவரை யாரும் துரத்தமாட்டார்கள். எழுத்துக் கூட்டத் தெரியாவிட்டாலும் காது இருந்தது. ஏழாம் வகுப்புக்குச் சமன்பாடு சொல்லித்தர டீச்சரம்மா தராசு தொங்கவிடுவார். ஒரு தட்டில் வெல்ல அச்சுகள் போட்டு மூடிய டப்பாவும் வெளியே சில அச்சுகளும், மறு தட்டில் வெறும் அச்சுகள். இரண்டு பக்கமும் ஒவ்வொன்றாக எடுத்துக்கொண்டே வந்தால், டப்பாவுக்குள் எத்தனை என்று தெரிந்துவிடும்.

ஒருநாள் அவர் பலகைப் பக்கம் திரும்பியபோது என் சிநேகிதி காஞ்சனா ஒரு தட்டிலிருந்து ஒன்றை எடுத்து வாயில் போட்டுக்கொண்டாள். அந்தத் தட்டு மேலே போனது. முன்பே ஒருமுறை மாட்டியவள். மறுபடி என்றால் பள்ளியை விட்டே அனுப்பிவிடுவார்கள். நான் ஓடிப்போய் அடுத்த தட்டில் ஒன்றை எடுத்துத் தம்பி வாயில் திணித்தேன். தராசு நேரானது. கணக்கும் சரியாகவே வந்தது.

ஆனால் தம்பியின் வாய் ஒழுகியது.

“எந்தத் தட்டுலமே எடுத்தே?” என்றார் டீச்சரம்மா.

“ரெண்டுலயும்தான் டீச்சரம்மா. அதான் கணக்கு சரியா வந்துச்சே.”

அவர் சிரிப்பை அடக்கிக்கொண்டு பெஞ்சுப் பக்கம் திரும்பினார்.

“காஞ்சனா, தள்ளிக் குந்துமே. இதுக்கும் எடம் வுடு.”