தம்பியின் முகாம் காலியானபோது

அமெரிக்கர்கள் அந்தப் பாலைவன நாட்டை விட்டுப் போகப்போகிறார்கள் என்பது தொலைக்காட்சிக்காரர்களுக்கு முன்பே எனக்குத் தெரியும். முகாமில் ஐஸ்கிரீம் மெஷினைக் கழற்றிவிட்டார்கள் என்று தம்பி சொன்ன ஞாயிற்றுக்கிழமையே எனக்கு விஷயம் விளங்கிவிட்டது.

என் தம்பி அவர்களுடைய முகாம்களில் சமையல்காரன். அது அவனுக்கு மூன்றாவது நாடு. அவர்கள் எங்கே கொட்டில் போடுகிறார்களோ அங்கே இவனும் போய்விடுவான், சண்டை பிடிக்க அல்ல, முட்டை பொரிக்க. நான் ஒஸ்லோவில், ஐந்தாம் இலக்க மெட்ரோ போய் முடிகிற வெஸ்ட்லியில், ஒன்பதாவது மாடியில் இருக்கிறேன். பாடசாலை ஒன்றில் வக்ட்மேஸ்டர் வேலை. கழன்ற கதவுப்பிடி, அடைத்த குழாய், பனிக்காலத்தில் வழுக்குகிற படிகள் எல்லாம் என் தலையில். மனைவி இறந்து நான்கு வருடம். மகள் பேர்கனில் ஆஸ்பத்திரி வேலை. நல்ல பிள்ளை, ஆனால் அவளுக்கும் அவளுடைய பாடு இருக்கிறது. தம்பி கலியாணம் கட்டவில்லை. அம்மாவின் செத்தவீட்டில்தான் அவனைக் கடைசியாக நேரில் கண்டேன். அதற்குப் பிறகு ஞாயிற்றுக்கிழமை போன் மட்டும்தான்.

அந்த போனில் நாங்கள் பெரிதாக எதுவும் கதைப்பதில்லை. இன்றைக்கு என்ன சமைத்தாய் என்று நான் கேட்பேன், அவன் பட்டியல் சொல்லுவான். ஒரு வல்லரசு நடையைக் கட்டுவதை நான் அந்தப் பட்டியலில்தான் பார்த்தேன். ஐஸ்கிரீமுக்குப் பிறகு பழங்கள் நின்றன. பிறகு காலையில் சூடான சாப்பாடு நின்றது. பீட்சாக் கடையையும் சலூனையும் இழுத்து மூடினார்கள். சாப்பாட்டுக்கு நாலு வரிசையாக நின்ற கூட்டம் ஒரு வரிசையானது. அதற்குள் ஆளே குளிக்கலாம் என்று நான் பகிடி பண்ணுகிற பெரிய சூப் பானையைத் தம்பி கவிழ்த்து வைத்துவிட்டு, நடுத்தரப் பானை ஒன்றில் காய்ச்சினான்.

"இப்ப எங்களுக்கு நாங்களே சமைக்கிற மாதிரிக் கிடக்கு அண்ணை," என்றான் ஒருநாள். "அவங்கள் கொஞ்சப்பேர்தான். மிச்சம் முழுக்க நாங்களும் எங்களோடை வேலை செய்யிற நேபாளக்காரரும்."

சனிக்கிழமைகளில் நான் தமிழ்ப் பள்ளிக்கூடத்துக்குக் கதிரை அடுக்கப் போவேன். பிள்ளைகள் வகுப்பில் இருக்க, தகப்பன்மார் தேத்தண்ணிக் கோப்பையோடு உலகத்தைப் பிரித்து மேய்வார்கள். "அமெரிக்கன்ரை காலம் முடிஞ்சுது. இனி எல்லா முகாமும் ஒண்டொண்டா எழும்பிப் போகும்," என்பார் ஒருவர். மற்றவர்கள் தலையாட்டுவார்கள். ஊரில் எங்கள் வீட்டுக் காணியையே ஒரு இராணுவ முகாம் பல வருடம் விழுங்கி வைத்திருந்தது. முகாம் என்றால் முள்ளுக்கம்பிக்கு வெளியே நிற்பதுதான் எங்கள் ஆட்களின் பழக்கம். என் தம்பி உள்ளே நின்று இறைச்சி வாட்டுகிறான் என்று எந்த வாயால் சொல்வது? கேட்டவர்களிடம் ஹோட்டலில் குக் என்று சொல்லி வைத்திருந்தேன். அவர்கள் தலையாட்டியபோது நானும் ஆட்டினேன். உள்ளுக்குள் எனக்குச் சந்தோஷமாகத்தான் இருந்தது, ஆனால் அவர்களுடைய காரணத்துக்காக அல்ல. முகாம் எழும்பிப் போனால் தம்பி என்னிடம் வருவான்.

அதை நான் பகல்கனவாக விடவில்லை. விசாரித்தேன். விருந்தாளியாக மூன்று மாதம் நிற்க விசா எடுக்கலாம். அவனுக்கு நான் பொறுப்பு என்று ஒரு பத்திரம் நிரப்ப வேண்டும். பாடசாலை பிரிண்டரில் களவாக அடித்து எடுத்து வந்தேன். மகளின் பழைய அறையில் இருந்த பெட்டிகளை நிலவறைக்கு இறக்கினேன். கட்டிலுக்கு ஒரு புது மெத்தையும் வாங்கினேன். மூன்று மாதம் எனக்கு எதிரே இருந்து ஒரு மனிதன் சாப்பிடப் போகிறான் என்ற நினைப்பிலேயே, அந்தக் கிழமை முழுக்கப் பாடசாலைப் பிள்ளைகளோடு சிடுசிடுக்காமல் இருந்தேன்.

எல்லாம் செய்தேன். அவனிடம் மட்டும் சொல்லவில்லை.

எங்கள் வீட்டில் யாரும் எதையும் நேரே கேட்டு வளர்ந்தவர்கள் அல்ல. சைக்கிள் வேண்டுமென்றால் அப்பாவிடம் பள்ளிக்கூடம் தூரம் என்று சொல்லுவோம், அவ்வளவுதான். சின்னவன் சாடையாகச் சொல்ல வேண்டும், பெரியவன் விளங்கிக்கொண்டு தானாகக் கொடுக்க வேண்டும். பெரியவன் தனக்கென்று வாய் திறந்தால் அது வெட்கம். நான் வா என்றால் அவன் கையில் இருக்கிற வேலையையும் விட்டுவிட்டு வந்துவிடுவான், அண்ணன் சொல்லை அப்படித்தான் எடுப்பான் என்றும் பயமாக இருந்தது. இன்னொன்றையும் ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன். நோர்வேயில் நான் நல்லாக இருக்கிறேன் என்றுதான் அவனுக்கு இத்தனை வருடமும் காட்டி வந்தேன். வீடியோவில் கதைத்தால் நல்ல சோபா இருக்கும் பக்கமாகவே உட்காருவேன். தனியாக இருந்து பாணும் டின் மீனும் தின்கிற அண்ணனை அவனுக்குக் காட்ட எனக்கு விருப்பமில்லை.

மாசி மாதத்து ஞாயிறு ஒன்று. "இன்னும் மூண்டு கிழமையிலை அடுப்பை நிப்பாட்டுறம்," என்றான் தம்பி.

"அண்ணை, அங்கை இப்ப குளிர் எப்பிடி?"

"மைனஸ் பதினாலு. உன்னாலை தாங்கேலாது."

"பழகினால் சரிதானே."

"நானே முப்பது வருசமாப் பழகேல்லை," என்று சிரித்தேன்.

அவனும் சிரித்தான். "இது முடிய ஒரு மூண்டு மாசம் சும்மா இருப்பம் எண்டு யோசிக்கிறன் அண்ணை."

சாடையாக அவன் என் வாசலில் வந்து நின்று கதவைத் தட்டிவிட்டான். வா என்ற ஒரு சொல் போதும். ஆனால் என் வாயிலிருந்து வந்தது அப்பாவின் குரல்.

"சும்மா இருந்து என்ன செய்யப் போறாய்? அடுத்த முகாமுக்குக் கூப்பிட்டால் போடு கையெழுத்தை. இந்த வயசிலை வேலையை விட்டால் பிறகு ஆர் தருவினம்?"

"ஓம் அண்ணை," என்றான்.

அவ்வளவுதான். நல்ல புத்தி சொன்ன பெரிய மனிதன் போல நானும் போனை வைத்தேன். ஒரு மாதம் கழித்து அந்த முகாமின் கடைசி விமானம் கிளம்புவதைத் தொலைக்காட்சியில் காட்டினார்கள். தமிழ்ப் பள்ளிக்கூடத்தில் தேத்தண்ணியோடு கேக்கும் வெட்டினார்கள், யாரோ பிள்ளையின் பிறந்தநாள். ஆனால் அந்தச் செய்திக்காகவே வெட்டியது மாதிரித்தான் எனக்குப் பட்டது. தம்பி அதற்கு முதல் கிழமையே வேறொரு நாட்டில், வேறொரு பாலைவனத்தில், இன்னும் மூடாத ஒரு முகாமில் முட்டை பொரித்துக்கொண்டிருந்தான். வெஸ்ட்லியில் நான் அந்தப் புது மெத்தையின் பொலித்தீன் உறையைக்கூடக் கழற்றவில்லை. அந்த அறைக்கதவைச் சாத்தியே வைத்திருந்தேன்.

வைகாசியில் ஒரு ஞாயிறு, புது இடம் எப்படி என்று கேட்டேன்.

"வெக்கை அண்ணை. தாங்கேலாது. அந்த ஜாக்கெட்டையும் ஒரு நேபாளக்காரனுக்குக் குடுத்திட்டன். அவனாவது ஊருக்குப் போய்ப் போடட்டும்."

"எந்த ஜாக்கெட்?"

"முந்திப் போனவங்கள் விட்டிட்டுப் போன சாமானுக்கை இருந்தது. நல்ல தடிச்ச ஜாக்கெட், காதுவரைக்கும் மூடும். மைனஸ் இருபதுக்கும் தாங்கும் எண்டு அதிலை எழுதிக் கிடந்தது. அங்கை வாறதுக்கெண்டுதான் எடுத்து வைச்சனான்."

எழும்பிப் போய், சாத்தியிருந்த அந்த அறைக்கதவைத் திறந்தேன். பிறகு வெட்கம் கெட்டுப்போய்ச் சொன்னேன்.

"தம்பி, எனக்கு இஞ்சை ஒருத்தரும் இல்லையடா. ஒரு அறை சும்மா கிடக்கு. நீ வா."

அந்தப் பக்கத்தில் யாரோ தட்டுகளை அடுக்குகிற சத்தம் கேட்டது.

"இதை அப்ப சொல்லியிருக்கலாமே அண்ணை," என்றான் மெல்ல. "இப்ப ரெண்டு வருசத்துக்குக் கையெழுத்துப் போட்டிட்டனே. நீங்கள்தானே போடச் சொன்னியள்."

அவன் அதைக் குற்றமாகச் சொல்லவில்லை. பின்னேரச் சாப்பாட்டுக்கு நேரமாகிவிட்டது, இங்கே நாலு வரிசை நிற்கிறது என்று சொல்லிவிட்டு அடுப்படிக்குப் போனான்.