இடிதாங்கி: மூன்றாவது பொருள்

பம்ப் பட்டறையில் அவரைக் காதுக்காரர் என்றுதான் கூப்பிடுவார்கள். ஓடிக்கொண்டிருக்கும் பம்பின் உடம்பில் ஒரு நீளமான ஸ்க்ரூடிரைவரின் முனையை வைத்து, கைப்பிடியில் காதை ஒட்டிக்கொண்டு கண்ணை மூடுவார். அரை நிமிடம் ஆகும். "ரெண்டாவது பேரிங் அழுவுது, கழட்டுங்க" என்பார். கழற்றிப் பார்த்தால் அதேதான். இருபத்திரண்டு வருடம் சோதனை மேடை அவர் கையில் இருந்தது. அவருடைய எண் அடித்த பித்தளைத் தகடு இல்லாமல் ஒரு பம்பும் வாசலைத் தாண்டியதில்லை. அப்படிப்பட்ட மனிதரை நான் என்ன செய்தேன் என்று சொல்லத்தான் இதை எழுதுகிறேன். பூசி மெழுகுவது எனக்குக் கைவந்த கலை என்பதால், எங்காவது மெழுகுவது தெரிந்தால் நம்பாதீர்கள்.

நான் வேலை பார்ப்பது தொழில்நுட்ப அகராதி தயாரிக்கும் அலுவலகத்தில். இரண்டே அறைகள். சுவர் முழுக்கச் சின்னச் சின்ன இழுப்பறைகள், அவற்றில் சீட்டுகள். ஒரு சொல்லுக்கு ஒரு பொருள் சேர்க்க வேண்டுமென்றால் மூன்று சீட்டு வேண்டும் என்பது எங்கள் சட்டம். இரண்டு, நூல்களிலிருந்து எடுத்த வெள்ளைச் சீட்டாக இருக்கலாம். ஒன்றாவது மஞ்சளாக இருக்க வேண்டும். மஞ்சள் என்றால் வாய்ச்சீட்டு. அந்தச் சாமானோடு தினமும் மல்லுக்கட்டுகிறவர் யாரோ, அவர் தன் வாயால் சொன்ன வாக்கியம். எழுதியதும் அவருக்கே வாசித்துக் காட்டிவிட்டு, அடியில் இருக்கும் கட்டத்தில் டிக் போட வேண்டும். அச்சில் அந்த வாக்கியம் அவர் பெயரோடும் பட்டறைப் பெயரோடும் வரும். புத்தகம் வந்ததும் அவருக்கு ஒரு பிரதி போகும்.

மஞ்சள் சீட்டு என் பொறுப்பு. நோட்டும் கையுமாகப் பட்டறை பட்டறையாக அலைவேன். எரிச்சலோடு துரத்தியவர்களும் உண்டு, உட்காரவைத்து டீ வாங்கிக் கொடுத்தவர்களும் உண்டு. காதுக்காரர் இரண்டாவது வகை.

'இ' வரிசை அச்சுக்குப் போகும் சமயத்தில் இடிதாங்கி என் மேசைக்கு வந்தது. அந்தச் சொல்லை எனக்குப் பிடித்துப்போயிற்று. கட்டட ஒப்பந்தக்காரர்கள் கூரை உச்சியில் நிற்கும் கம்பியை இடிதாங்கி என்றார்கள். "அது எங்கங்க தாங்குது? மண்ணுக்குள்ள தள்ளிவிடுது, அவ்வளவுதான்" என்று ஒரு பௌதிக வாத்தியார் என்னிடம் அரை மணி நேரம் சண்டை போட்டார். மின்வாரிய லைன்மேனுக்குக் கூரையைப் பற்றிக் கவலையில்லை. டிரான்ஸ்ஃபார்மருக்குப் பக்கத்தில் கம்பத்தில் தொங்கும் பீங்கான் உருளைதான் அவருக்கு இடிதாங்கி. மழைக்காலத்தில் அது வெடித்தால் "இடிதாங்கி போயிடுச்சு" என்று ஒரே வரியில் சொல்லிவிட்டு ஏணியைத் தூக்கிக்கொண்டு போவார். எங்கள் கணக்குப் பிரிவு ஆளோ, மேலாளரின் வசவையெல்லாம் வாங்கிக்கொள்ளும் தன்னைத்தான் இடிதாங்கி என்று சொல்லிக்கொண்டார். அதைச் சேர்க்க முடியாது, இது தொழில்நுட்ப அகராதி என்று எங்கள் பதிப்பாசிரியர் கையை விரித்துவிட்டார்.

எனக்கு ஆசை மூன்றாவது பொருளின் மேல். பம்பிலிருந்து வேகமாக வரும் தண்ணீர் சட்டென்று நின்றால் குழாய்க்குள் தடார் தடார் என்று இடிக்கும். அந்த இடியை வாங்கிக்கொள்ளக் குழாயின் மேல் காற்று அடைத்த ஒரு சிறிய கலத்தைப் பொருத்துவார்கள். இரண்டு பழைய நூல்களில் அதற்கு இடிதாங்கி என்று பெயர் போட்டிருந்தது. வெள்ளைச் சீட்டு இரண்டும் என் கையில். "புத்தகத்துல மட்டும் உயிரோட இருக்கற அர்த்தம் நமக்கு எதுக்கும்மா?" என்று ஆசிரியர் எல்லார் முன்னாலும் சிரித்தார். எனக்கு மூக்குக்கு மேல் கோபம். மஞ்சள் சீட்டைக் கொண்டுவந்து இவர் முகத்தில் அடிக்கிறேன் பார் என்று கிளம்பினேன்.

காதுக்காரரிடம் அந்தக் கலத்தைக் காட்டி இதற்கு என்ன பெயர் என்று கேட்டேன்.

"காத்துக்குடம் மேடம்."

"வேற பேரு ஏதாவது சொல்லுவீங்களாண்ணா? இடியைத் தாங்குது, அதனால..."

"இல்ல மேடம். இங்க எல்லாருக்கும் காத்துக்குடம்தான்."

மறுநாளும் போய்ச் சுற்றி வளைத்துக் கேட்டேன். மறுநாளும் காத்துக்குடம்தான். நல்ல சொல், யோசித்துப் பாருங்கள். வேறு யாராக இருந்தாலும் துள்ளிக் குதித்திருப்பார்கள். எனக்கு அது தொல்லையாகத் தெரிந்தது. அது 'இ' வரிசையில் வராது, இடிதாங்கி என்று சொல்ல வேறு ஆளைத் தேட நாளும் இல்லை. திங்கட்கிழமை பக்கங்கள் அச்சுக்குப் போக வேண்டும். அலுவலகத்துக்கு வந்து ஒரு மஞ்சள் சீட்டை எடுத்தேன். 'குழாயில் அடி விழாமல் இருக்க மேலே ஓர் இடிதாங்கி வைத்துவிடுவோம்' என்று எழுதினேன். கீழே அவர் பெயர், பட்டறை, தேதி. வாசித்துக் காட்டிய கட்டத்தில் டிக் போட்டேன். கை நடுங்கவெல்லாம் இல்லை. நடுங்கியிருந்தால் என்னைப் பற்றிக் கொஞ்சம் நல்லபடியாக நினைத்திருப்பேன்.

ஒரு மனிதர் சொன்ன சொல்லைக் குப்பையில் போட்டுவிட்டு, சொல்லாத சொல்லை அவர் வாயில் திணித்தேன். நான் செய்தது இதுதான்.

புத்தகம் வந்தது, பிரதிகள் போயின. அவர் வந்து சட்டையைப் பிடிப்பார் என்று ஒரு மாதம் பயந்துகொண்டே இருந்தேன். தொலைபேசி மணி அடித்தாலே பகீர் என்றது. அவர் கூப்பிடவில்லை. புரட்டியே பார்த்திருக்க மாட்டார் என்று நானே எனக்குச் சப்பைக்கட்டு கட்டிக்கொண்டேன். ஆனாலும் அந்தத் தெருப் பக்கம் ஆறு வருடம் தலைவைத்துப் படுக்கவில்லை. பஸ் அந்த வழியாகப் போனால் எதிர்ப்பக்கத்து ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருப்பேன்.

இந்த வருடம் இரண்டாம் பதிப்பு வேலை தொடங்கியது. வாய்ச்சீட்டு கொடுத்தவர்களை ஒருமுறை நேரில் பார்த்து, பெயர் போடச் சம்மதம் வாங்கிவரச் சொன்னார் ஆசிரியர். தட்டிக் கழிக்க வழியில்லை. பட்டியலில் இருந்த எல்லாரையும் பார்த்து முடித்துவிட்டுக் கடைசியாகத்தான் பம்ப் பட்டறைக்குப் போனேன்.

உள்ளே நுழையும்போதே ஒருவன் இன்னொருவனிடம் கத்தினான். "டேய், அந்த இடிதாங்கிய முதல்ல இறுக்கு!"

அவன் கை காற்றுக் கலத்தின் மேல் இருந்தது. நான் நின்றுவிட்டேன். பக்கத்தில் இருந்தவனிடம் கேட்டேன், அவனும் இடிதாங்கி என்றான். இன்னொருவனும் அதையே சொன்னான். உள்ளதைச் சொல்கிறேன், எனக்குத் தலைகால் புரியாத சந்தோஷம். என் பொய் உண்மையாகிவிட்டது! அன்றைக்கு இல்லாத மஞ்சள் சீட்டு இன்றைக்கு அரை டஜன் கிடைக்கும். நான் தப்பித்துவிட்டேன்.

சோதனை மேடையில் ஸ்க்ரூடிரைவரைக் காதில் வைத்துக்கொண்டு வேறு யாரோ நின்றிருந்தார். காதுக்காரர் எங்கே என்று கேட்டேன். கருவி அறையைக் காட்டினார்கள்.

கம்பி வலை அடித்த ஜன்னலுக்குப் பின்னால் ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார். தொழிலாளி தன் எண் போட்ட டோக்கன் வில்லையைக் கொடுத்தால் ஸ்பேனரை எடுத்துத் தரும் வேலை. முன்னால் ஒரு தடித்த நோட்டு. என்னைப் பார்த்ததும் முகம் மலர எழுந்தார்.

"மேடம்! வழி தெரிஞ்சுதா எங்க பட்டறைக்கு? உக்காருங்க, உக்காருங்க."

"நீங்க ஏண்ணா இங்க?"

"மறதி மேடம்." சளி, காய்ச்சல் என்று சொல்வதுபோலச் சொன்னார். "உங்க புத்தகம் வந்தப்பதான் தெரிஞ்சுது."

அவர் தொடர்ந்தார்.

"நான் சொன்னதா ஒரு வரி போட்டிருந்தீங்க இல்ல? பேரு, பட்டறை எல்லாம் கரெக்டா இருக்கு. எனக்கு சுத்தமா ஞாபகம் வரல. மூளையக் கசக்கிப் பாக்கறேன், காத்துக்குடம்னு சொன்னதுதான் வருது. அப்புறம் கவனிச்சா, குடைய பஸ்ல விட்டுட்டேன். ஒரு நாள் லைட்ட அணைக்காம வந்துட்டேன். எல்லாரும் செய்யறதுதான், ஆனா நமக்குன்னு வரும்போது பயமா இருக்கு இல்ல? வாயால சொன்னதையே மறந்தவன், போல்ட்ட இறுக்கினேனா இல்லையான்னு எப்படி நம்பறது? பம்ப் வெடிச்சா பக்கத்துல நிக்கறவன் கதி? அதான் முதலாளிகிட்ட நானே போய் மேடை வேணாம்னு எழுதிக் கொடுத்துட்டேன்." நோட்டைத் தட்டினார். "இப்ப எல்லாத்தையும் எழுதி வச்சுக்கறேன். பசங்க காத்துக்குடம்னா திருத்திடுவேன். புத்தகத்துல இருக்கறதுதானே சரி?"

சும்மா தலையாட்டிவிட்டு வந்திருக்கலாம். அந்த எண்ணம் எனக்கு வரவில்லை என்று சொன்னால் அது இன்னொரு பொய். ஒரு சீட்டு பொய் என்று தெரிந்தால் நான் கொண்டுவந்த ஆயிரத்து நானூறு சீட்டையும் சந்தேகப்படுவார்கள், எத்தனையோ தொழிலாளிகளின் சொற்கள் புத்தகத்திலிருந்து போய்விடும் என்று நியாயம்கூடத் தயார் செய்தேன். (அதுதான் பிறகு நடந்தது. ஆசிரியரிடம் சொன்ன அன்றே என் இழுப்பறைகளைப் பூட்டிவிட்டார்கள். ஒவ்வொரு சீட்டாகத் திரும்ப விசாரிக்கிறார்கள். செய்ய வேண்டியதுதான்.) ஆனால் அவர் அந்த நோட்டைத் தடவிக்கொண்டிருந்ததைப் பார்க்கப் பார்க்க எனக்கு என்னையே பிடிக்கவில்லை.

"அண்ணா, நீங்க அத சொல்லல. நானா எழுதினது அது."

"நீங்கதான் எழுதினீங்க மேடம், தெரியும். நான் சொல்லச் சொல்லத்தானே எழுதினீங்க?"

"இல்லண்ணா. நீங்க காத்துக்குடம்னுதான் சொன்னீங்க. ரெண்டு நாள் கேட்டேன். ரெண்டு நாளும் அதையேதான் சொன்னீங்க. எனக்கு அந்த வார்த்த வேணும்னு நானே எழுதி உங்க பேரப் போட்டுட்டேன். உங்களுக்கு மறதி எதுவும் இல்ல."

ஒருவன் வந்து வில்லையை நீட்டினான். அவர் பத்தொன்பதாம் நம்பர் ஸ்பேனரை எடுத்துக் கொடுத்தார், வில்லையை ஆணியில் மாட்டினார், நோட்டில் எழுதினார். எழுதிவிட்டு வெகுநேரம் அந்த வரியையே பார்த்துக்கொண்டிருந்தார். திட்டுவார் என்று காத்திருந்தேன். திட்டினால் தேவலை என்று இருந்தது.

"சாயங்காலம் வீட்டுக்கு வர முடியுமா மேடம்?" என்றார். "இத நான் போய் சொன்னா என் வீட்டுக்காரி நம்ப மாட்டா. மறதில ஏதோ உளறறேன்னு நினைப்பா."

போனேன். மாடியில் இரண்டு அறை வீடு. மனைவியிடம் சாவி இருந்ததால் அவர் கதவைத் தட்டிவிட்டு நின்றார். சமையலறைச் சுவரில் 'அடுப்பை மூடு', குழாயின் மேல் 'திறந்து விடாதே', கதவின் உட்பக்கத்தில் 'செருப்பு, கண்ணாடி, டிபன்' என்று காகிதங்கள் ஒட்டியிருந்தன. அழகான குண்டு எழுத்து. அவர் மனைவி என்னை யாரென்று கேட்டுத் தெரிந்துகொண்டதும், அலமாரியிலிருந்து பிளாஸ்டிக் உறை போட்ட எங்கள் அகராதியை எடுத்துவந்தார். வருகிறவர்களுக்கெல்லாம் காட்டுவாராம். பக்கத்தைத் தேடக்கூட வேண்டியிருக்கவில்லை, புத்தகம் தானாக அங்கேயே திறந்தது.

நின்றுகொண்டே சொன்னேன். எதையும் மென்று விழுங்கவில்லை. சீட்டு, டிக், ஆசிரியரின் மேல் இருந்த கோபம், ஆறு வருடம் ஒளிந்துகொண்டது, எல்லாவற்றையும் சொன்னேன். நான் முடித்த பிறகும் அந்த அம்மாள் திறந்திருந்த புத்தகத்திலிருந்து கண்ணை எடுக்கவில்லை. பிறகு என்னை விட்டுவிட்டுக் கணவரைப் பார்த்தார்.

"புத்தகம் வந்த அன்னைக்கே சொன்னீங்களே. 'இத நான் சொல்லவே இல்லடி'ன்னு."

"விடும்மா" என்றார் அவர்.

"என்னத்த விடறது? ராத்திரி சாப்பிடாமகூட அதையே சொல்லிக்கிட்டு இருந்தீங்க. அச்சுல வந்திருக்கு, படிச்சவங்க என்ன பொய்யா எழுதுவாங்க, உங்களுக்குத்தான் மறந்துபோச்சுன்னு நான்தானே அடிச்சுப் பேசினேன்? அதுவரைக்கும் உங்களுக்கு ஒண்ணுமே இல்லையே. டாக்டர்கிட்ட இழுத்துட்டுப் போனது நான். சாவிய வாங்கி வச்சுக்கிட்டது நான்."

அழத் தொடங்கிவிட்டார். "நீங்க இல்லம்மா, நான்தான், எல்லாம் நான்தான்" என்றேன். அவர் கேட்டதாகவே தெரியவில்லை. எழுந்து போய்ச் சுவரில் இருந்த காகிதங்களை நகத்தால் சுரண்டிச் சுரண்டிக் கிழிக்க ஆரம்பித்தார். நான் செய்த பாவத்தை அந்த அம்மாள் தன்னுடையது என்று எடுத்துக்கொண்டுவிட்டார். அதை அவரிடமிருந்து எப்படித் திரும்ப வாங்குவது என்று எனக்கு இன்றுவரை தெரியவில்லை.