சித்தப்பாவின் வான்கோழி இறகு

அன்று திருப்புலிவனம் ஏரிக்குள் இருந்தவர்கள்: நான், என் சித்தப்பா, பெரிய வீட்டுக்காரர், ஊர்த் தெருவிலும் எங்கள் தெருவிலும் பிடித்து வந்த ஆண்கள் பதினைந்து பேர், சினிமா கம்பெனி ஆட்கள், ஒரு குதிரை. போனுக்குள் ஒருவர். அவரையும் சேர்க்க வேண்டும், வினையே அவரால்தான். சித்தப்பா வீட்டுக் கடிகாரத்தின் பின்னால் செருகியிருக்கும் வான்கோழி இறகைப் பார்த்தால் இப்போதும் எனக்கு அத்தனை பேரும் வரிசையாக நினைவுக்கு வருவார்கள். 

அமெரிக்காவில் லகோட்டா என்றொரு பழங்குடி. ஒரு பாட்டுக்கு நாங்கள்தான் அந்தக் கூட்டம். ஏரி வறண்டு கிடந்ததால் அமெரிக்கா அங்கேயே அமைந்துவிட்டது. ஆளுக்கொரு சாயமேற்றிய வான்கோழி இறகுக் கிரீடம், இடுப்புவரை தொங்கும்படி மாட்டிவிட்டார்கள். வேர்வையில் சாயம் வழிந்தது. உதவி இயக்குநர் பெண் மட்டும், எதையும் சரியாகச் செய்ய வேண்டுமென்று ஒரு லகோட்டாப் பெரியவரை வீடியோ காலில் பிடித்து எங்களைக் காட்டினாள். அவர் வெகுநேரம் சிரித்தார். பிறகு சொன்னதை அவள் தமிழில் சொன்னாள்: ஒவ்வொரு இறகும் செய்த காரியத்துக்காகச் சம்பாதிப்பது, ஊரே மதிக்கிற ஒருவர்தான் இதை அணியலாம், எல்லாரும் தலைவரென்றால் யாருக்குத் தலைவர்?

“பரிவட்டம்னு சொல்லேம்மா,” என்றார் பெரிய வீட்டுக்காரர். கோயிலில் வருஷா வருஷம் முதல் பரிவட்டம் அவருக்குத்தான். “அப்போ அது எனுக்குத்தான். மத்தவன்லாம் கயட்டுங்கடா.”

கழற்றினோம். ஆனால் தலைவர் குதிரையில் வர வேண்டுமாம். அவர் குதிரையைப் பார்த்தார். குதிரையும் அவரைப் பார்த்தது. இரண்டு முறை ஏறி, ஏறிய வேகத்திலேயே மறுபக்கம் இறங்கினார். அவருடைய மாடுகளோடே வளர்ந்த சித்தப்பா ஒரே தாவில் ஏறி உட்கார்ந்தார். கிரீடம் சித்தப்பா தலைக்குப் போனது. பெரிய வீட்டுக்காரர் வெறுந்தலையோடு பின்னால் நடக்க வேண்டும்.

சித்தப்பா பயிர் வைப்பது பெரிய வீட்டுக்காரரின் முக்கால் ஏக்கரில். குத்தகைக்கு எழுத்து கிடையாது, அவர் வாய்வார்த்தைதான். நான் குதிரையோடு ஓடினேன். “சித்தப்பா, வாணாம், எறங்கிடு. நெலம் பூடும்.”

“கத்தாதடா. குதிர பயப்புடுது.”

மறுநாள் காலை, அதுவரை எங்கள் தெருவை மிதிக்காத பெரிய வீட்டுக்காரர் உள்ளே வந்தார். நிலம் போயிற்று என்று நான் சுவரைப் பிடித்துக்கொண்டேன். அவரோ, கம்பெனிப் பெண் சித்தப்பாவிடம் கொடுத்துப்போன ஒற்றை இறகைக் காட்டி, “பேத்தி வேணும்னு அயுதுகினு கீது. அத்த குடுரா,” என்றார்.

“சம்பாரிக்கணுமாம் மொதலாளி. அந்தப் பெரியவரு சொன்னாரே, நீங்களுந்தான கேட்டீங்க. பாப்பாவ இட்டுக்கினு வாங்க. நம்ம எரும மேல ஒரு சுத்து வந்துச்சுன்னா குடுத்துடறேன்.”

பெரிய வீட்டுக்காரர் “எருமயா?” என்று மட்டும் கேட்டுவிட்டுப் போனார். சாயங்காலம் பேத்தியின் கையைப் பிடித்துக்கொண்டு அவரே வந்தார்.

இப்போது ஏரி நிரம்பி, அமெரிக்கா தண்ணீருக்கடியில் கிடக்கிறது. பரிவட்டம் இன்னும் பெரிய வீட்டுக்காரர் தலையில்தான். நிலமும் இன்னும் சித்தப்பாவிடம்தான். லீவு விட்டால் போதும், பேத்தி எங்கள் தெருவுக்கு வந்துவிடுகிறாள். எருமை மேலிருந்து பாதிச் சுற்றில் வழுக்கி விழுகிறாள். சாணியைத் துடைத்துக்கொண்டு, “நாளைக்கு வரேன் தாத்தா,” என்று சித்தப்பாவிடம் சொல்கிறாள். கையை உடைத்துக்கொண்டால் நிலம் போகுமே என்று நான் எருமையின் பக்கத்திலேயே ஓடுகிறேன். போன முறை முக்கால் சுற்று வந்துவிட்டாள். சித்தப்பா வீட்டுக்குள் போய், கடிகாரத்தின் பின்னாலிருந்த இறகை எடுத்துத் தூசி தட்டி, மறுபடி செருகி வைத்தார்.