இரண்டாவது கிற்றார்

ரொறன்ரோவில் இருக்கும் தங்கை ஒரு நல்ல ஹெட்போனும், நாங்கள் இளவயதில் பைத்தியமாகக் கேட்ட றொக் இசைத்தொகுப்பின் புதிய டிஜிட்டல் பதிப்பும் அனுப்பியிருந்தாள். மூலப்பதிவைத் துப்புரவாக்கி, மிகத் துல்லியமாக வெளியிட்டிருக்கிறார்களாம்.

"பழசைவிட நல்லாயிருக்கோ எண்டு கேட்டுச் சொல்லண்ணை" என்றாள்.

நெல்லியடி வீட்டில், மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு கொப்பியும் பேனையுமாக உட்கார்ந்தேன். முதற்பாட்டுக்கு, 'ட்ரம்ஸ் தெளிவு, குரல் கிட்டக் கேட்கிறது' என்று எழுதினேன். இரண்டாம் பாட்டின் நடுவில் பேனை நின்றுவிட்டது. வலக்காதில் எனக்கு மனப்பாடமான கிற்றார். இடக்காதில் இன்னொரு கிற்றார் வேறு மெட்டை வாசித்துக்கொண்டிருந்தது. ஹெட்போனைக் கழற்றி, மறுபடி போட்டுக் கேட்டேன். அது அங்கேதான் இருந்தது.

யுத்தகாலத்தில் எங்களிடம் இருந்தது ஒரே ஒரு கசெற் றேடியோ. அதன் இடப்பக்க ஸ்பீக்கர் வேலை செய்யாது. அதில் கேட்டுத்தான் நாங்கள் நாலு பேர் தேவாலய மண்டபத்தில் வாசித்துப் பழகினோம். ஒருநாள் எங்களில் ஒருவன் இந்தப் பாட்டுக்கு, இப்போது இடக்காதில் கேட்ட இதே மெட்டை வாசித்தான்.

"மாமா வீட்டு றெக்கோட் பிளேயரிலை ரெண்டு கிற்றார் கேக்குது" என்றான்.

நான் எல்லாருக்கும் முன்னால், "பொய் சொல்லாதை. உது உன்ரை சொந்தச் சரக்கு" என்றேன்.

அவன் கிற்றாரைச் சுவரில் சாத்திவிட்டுப் போனான். பிறகு வரவேயில்லை. இப்போது மயிலிட்டியில் படகு எஞ்சின் திருத்துகிறான். தெருவில் கண்டால் தலையாட்டுவோம், அவ்வளவுதான்.

நம்பர் தேடி அவனுக்கு போன் எடுத்தேன்.

"ரெண்டாவது கிற்றார் இருக்கடா. இப்பத்தான் கேட்டனான்."

பின்னால் ஓடிக்கொண்டிருந்த எஞ்சினை நிறுத்தினான்.

"ஓம். அது எனக்கு அப்பவே தெரியும்."

"மன்னிச்சுக்கொள்ளடா."

"எல்லாருக்கும் முன்னாலை சொன்னனீ. இப்ப போனிலை மெல்லமாச் சொல்லுறாய்."

அவன் சொன்னது சரி. அன்று பின்னேரமே அவனையும், பாரிசிலும் கொழும்பிலும் இருக்கும் மற்ற இருவரையும் ஒரே வீடியோ அழைப்பில் சேர்த்தேன். நடந்ததைச் சொல்லி, பிழை என்னுடையது என்றேன்.

பாரிஸ்காரன் புரியாமல் விழித்தான். "எந்தச் சண்டை? இவன் தகப்பனோடை கடலுக்குப் போகத்தான் விட்டவன் எண்டெல்லோ நான் நினைச்சன்."

கொழும்புக்காரனுக்கும் ஒன்றும் ஞாபகமில்லை. எனக்கு மறுபடி திகைப்பு. அந்தச் சொல்லை இத்தனை வருடமும் சுமந்தவன் அன்று எழும்பிப் போனவன் ஒருவன்தான். சொன்ன நானே பாதி மறந்திருந்தேன்.

"எஞ்சின் எடுக்க ஆள் பாத்துக்கொண்டு நிக்குது, வைக்கிறன்" என்று முதலில் அழைப்பைத் துண்டித்தவன் அவன்தான்.

அடுத்தநாள் காலை அவனிடமிருந்து ஒரு வரி வந்தது: 'ஞாயிறு வீட்டிலை நிப்பன்.'

அதை நாலைந்து தரம் வாசித்துவிட்டு, அவனிடம் கொண்டுபோக ஹெட்போனைப் பையில் எடுத்து வைத்தேன்.