ஆறு டியூப்லைட்டும் என் அம்மாவின் நாக்கும்

அம்மாவும் நானும் கடைசியாகச் சேர்ந்து செய்த வேலை, ஒன்றேகால் கிலோ உருளைக்கிழங்குக்குத் தோல் சீவியது. ஞாயிற்றுக்கிழமை, காலை பதினொரு மணி. அவள் கையில் கத்தி, என் கையில் பீலர்.

"என்னடி இது, கிழங்குக்கு முகச்சவரம் பண்ற மாதிரி! அழுத்திச் சீவு."

"இது நல்ல கிழங்குதாம்மா. பச்சையே இல்ல."

"பச்சை இருந்தா மட்டும் என்னவாம்? அது ஒண்ணும் பண்ணாதுன்னு நீதான சொன்ன."

நான் அடுத்த கிழங்கை எடுத்தேன். அப்போது அவள் வேலையிலிருந்து நிறுத்தப்பட்டுப் பதினாறு நாள் ஆகியிருந்தது.

முப்பத்தொரு வருடம் ஒரே மாணவியர் விடுதியின் சமையல்கூடத்தில் இருந்தாள். பாத்திரம் தேய்க்கச் சேர்ந்தவள், தலைமைச் சமையல்காரி ஆனாள். எல்லோரும் அவளை 'மாஸ்டர்' என்றே கூப்பிட்டார்கள். பெண்ணுக்கு வேறு சொல் யோசிக்க அங்கே யாருக்கும் நேரமில்லை. தினம் இருநூற்றுப் பத்துப் பேருக்குச் சமையல். மூட்டை வந்து இறங்கியதும் மூன்று கிழங்கை எடுப்பாள். தோலோடு ஒரு சில்லு வெட்டி, பச்சையாக மென்று, பத்து வரை எண்ணித் துப்புவாள். கசப்பு தாமதமாகத்தான் வரும். வந்தால் அந்த மூட்டை அப்படியே வண்டிக்குத் திரும்பும். கடைக்காரர்கள் அவளைச் சபிப்பார்கள். பிறகு நல்ல மூட்டையாகப் பார்த்துக் கொண்டுவருவார்கள்.

நான் உணவுப் பரிசோதனைக் கூடத்தில் பகுப்பாய்வாளர். அவள் நாக்கால் செய்த வேலையை நான் ஒரு கருவியால் செய்கிறேன். கருவிக்கு ஏசி அறை வேண்டும். வருடம் இருமுறை பழுது பார்க்க வேண்டும்.

அவளுக்கு நான் ஒருமுறை விளக்கியிருக்கிறேன். செடிக்குக் கால் இல்லை. பூச்சி வந்தால் ஓட முடியாது, அடிக்க முடியாது. அதனால் கசக்கிறது. தக்காளி, கத்தரி, உருளை எல்லாம் ஒரே குடும்பம். உருளையில் சோலனைன், சாக்கோனைன் என்ற கசப்பு விஷங்கள். தக்காளியின் இலையிலும் காயிலும் டொமாட்டின். பழுக்கப் பழுக்க அது குறைந்துவிடும். விதையைத் தூக்கிப் போக யாராவது தின்ன வேண்டுமே.

"காரியம் ஆகணும்னா மட்டும் இனிக்குது. நம்ம ஆபீசர் மாதிரி" என்றாள் அம்மா.

ஆபீசர் என்றது விடுதி மேலாளரை. அவருக்கு அவள் வைத்த பெயர் டியூப்லைட். சொன்னது உறைக்க அவருக்கு நேரமாகும் என்பது முதல் காரணம். இரண்டாவது காரணத்தை அவரே பிற்பாடு கொடுத்தார். ஸ்டோரில் இரண்டு எண்ணெய் டின் குறைந்தது என்று கேமரா வைத்தார். கேமராவுக்கு இருட்டில் கண் தெரியவில்லை. ஆறு டியூப்லைட் போட்டு, சுவிட்சைப் பெட்டிக்குள் வைத்துப் பூட்டினார். உருளைக்கிழங்கு அலமாரிக்கு நேர் மேலே ஆறும் இரவு பகலாக எரிந்தன. கேமரா இதுவரை ஒரு திருடனையும் பிடிக்கவில்லை. கிழங்கு பச்சையானதை மட்டும் மூன்று வாரம் விடாமல் படம்பிடித்திருக்கிறது.

அம்மா போய்ச் சொன்னாள். "சார், கிழங்கு வெளிச்சத்துல இருக்கக்கூடாது. லைட்டை அணைங்க."

"லைட்டுல வச்சா கெட்டுப்போக அது என்ன பாலா?" என்று கேட்டுவிட்டு, தன் நகைச்சுவைக்குத் தானே சிரித்தாராம்.

அவள் தோலைக் கனமாகச் சீவத் தொடங்கினாள். மேலாளர் குப்பைக் கூடையை எடை போட்டார். வீணாவது எட்டு சதவீதத்தைத் தாண்டக்கூடாது என்று சுவரில் அறிவிப்பு ஒட்டினார். மனிதன் ஒருவன் நாற்காலியை விட்டு எழுந்து, நடந்து வந்து, உருளைக்கிழங்குத் தோலை எடை போடுகிறான். அதற்குப் பெயர் நிர்வாகம்.

அந்த வாரம் அம்மா எனக்குப் போன் செய்தாள். கிழங்கு பச்சையாகிறதே, அதுதான் விஷமா என்று கேட்டாள். நான் வேலையாக இருந்தேன்.

"இல்லம்மா. பச்சைங்கறது வெறும் பச்சையம். இலையில இருக்கறதுதான். அது ஒண்ணும் பண்ணாது. விஷம் வேற, அதுக்கு நிறமே கிடையாது. ரெண்டும் வெளிச்சத்துல ஏறும், அவ்வளவுதான்."

ஒவ்வொரு வாக்கியமும் சரி. வேக வைத்தாலும் பொரித்தாலும் அந்த விஷம் போகாது என்பதைச் சொல்லவில்லை. அதனால் கனமாகவே சீவு என்றும் சொல்லவில்லை. பரீட்சையில் முழு மதிப்பெண் வாங்கும் பதில். சமையல்காரிக்கு உதவாத பதில்.

அவள் அதைப் பெருமையாகச் சமையல்கூடத்தில் சொல்லியிருக்கிறாள். உதவிக்கு இருந்த அக்காவுக்கு ரேடியோ என்று பெயர். காதில் விழுந்தது கட்டடம் முழுக்கக் கேட்கும். மேலாளருக்கும் கேட்டது. அவருக்குத் தேவையான பாதி மட்டும் கேட்டது.

மறுநாள் இரண்டு மூட்டை கசந்தது. கனமாகச் சீவவேண்டும், மிகவும் பச்சையானதைக் கழிக்கவேண்டும் என்றாள் அம்மா. மேலாளர் ரேடியோவின் முன்னால் சொன்னார்: "ஏம்மா மாஸ்டர், பச்சை ஒண்ணும் பண்ணாதுன்னு உங்க பொண்ணே சொல்லிருச்சாமே? லேப்ல இருக்கறவங்களுக்குத் தெரியாததா உங்களுக்குத் தெரியும்?"

வேறு யார் பெயரைச் சொல்லியிருந்தாலும் அவள் கத்தியைக் கீழே வைத்திருப்பாள். அன்று மெல்லிசாகச் சீவினாள்.

நாற்பத்தொரு மாணவிகளுக்கு வயிற்றுவலியும் வாந்தியும். இரண்டு நாளில் எல்லோரும் எழுந்துவிட்டார்கள். விசாரணைக் குழு மூன்று பேர். ஒருவர் கணக்கு ஆசிரியர், ஒருவர் நூலகர், மூன்றாமவர் மேலாளரேதான். கிழங்கைப் பற்றி ஒரு வரி எழுதவில்லை. 'சமையல்காரரின் கைகள் சுத்தமாக இல்லாதிருந்திருக்கலாம்' என்று எழுதினார்கள். ரேடியோவைக் கூப்பிட்டுக் கேட்டார்கள். வாழ்நாளிலேயே அன்று ஒருநாள்தான் ரேடியோ ஓடவில்லை.

வேலை போனதை அம்மா தாங்கிக்கொண்டாள். 'கை சுத்தமில்லை' என்பதைத் தாங்கவில்லை. எங்கள் வீட்டில் சோப்பு மற்ற வீடுகளைவிட மூன்று மடங்கு வேகமாகக் கரையும். அந்த ஒரு வரியை நீக்க வைக்க வேண்டும், அவ்வளவுதான் அவள் கேட்டது.

அதனால்தான் அந்த ஞாயிற்றுக்கிழமை, கிழங்கு சீவிக்கொண்டே சொன்னாள்.

"அன்னைக்கு மூட்டையிலேருந்து மூணு கிழங்கு எடுத்து வச்சிருக்கேன். உங்க லேப்ல போட்டுப் பாரேன்."

"சீல் வைக்காத சாம்பிளை ஏத்துக்க முடியாதும்மா. யார் எடுத்தது, எப்படி வச்சிருந்ததுன்னு அத்தாட்சி வேணும்."

"நான் எடுத்தேன். வெளிச்சம் படாம துணியில சுத்தி வச்சிருக்கேன். இதவிட என்ன அத்தாட்சி?"

"விதிமுறைம்மா."

"உங்க விதிமுறையும் டியூப்லைட்டும் ஒரே கடையில வாங்கினதா?"

சிரித்தேன். அவள் சிரிக்கவில்லை.

"அன்னைக்கு நாக்கு கசக்குதுன்னுதான் சொல்லுச்சு. எனக்குத்தான் வயசாயிருச்சோன்னு விட்டுட்டேன். பொண்ணு படிச்சவ, நாக்கு படிக்கலையே." கத்தியைக் கழுவினாள். "சரி, விடு. வியாழக்கிழமை நானே வந்து கவுண்டர்ல குடுக்கறேன். உன் அம்மான்னு சொல்லமாட்டேன், பயப்படாத."

புதன்கிழமை மதியம் குளியலறை வாசலில் விழுந்தாள். மாரடைப்பு என்றார் மருத்துவர்.

விடுதிச் சாப்பாட்டு அறையில் இரங்கல் கூட்டம் நடத்தினார்கள். மைக்கைப் பிடித்தவர் மேலாளர். "அந்தத் தாயின் கையால் சாப்பிட்ட நாம் எல்லோரும் பாக்கியசாலிகள்" என்றார். எந்தக் கை என்று நான் எழுந்து கேட்டிருக்கலாம். என் கையில் அவர்கள் கொடுத்த காபி இருந்தது.

மூன்று கிழங்கும் அவள் பையில், பழைய பாவாடைத் துணியில் சுற்றியபடி இருந்தன. தேதி, மூட்டை எண் எழுதிய சீட்டு மேலே குத்தியிருந்தது. எங்கள் பயிற்சி மாணவர்கள் இவ்வளவு ஒழுங்காகச் சீட்டு எழுதியதில்லை. என் சொந்த நேரத்தில் பரிசோதித்தேன். கிலோவுக்கு முந்நூற்று நாற்பத்திரண்டு மில்லிகிராம் விஷம். பொதுவாக ஏற்கப்படும் எல்லை இருநூறு. நாக்கு கசப்பை அதற்கு முன்பே, நூற்று நாற்பது வாக்கிலேயே உணரத் தொடங்கும். நாக்கு சரியாக வேலை செய்தது. கோளாறு என் போன் அழைப்பில் இருந்தது.

முடிவைக் குழுவுக்கு அனுப்பினேன். பதினோரு நாள் கழித்துப் பதில் வந்தது. 'முத்திரையிடப்படாத மாதிரியை ஏற்க இயலாது. எடுத்தவர் யார், எவ்வாறு வைக்கப்பட்டிருந்தது என்பதற்கு அத்தாட்சி இல்லை.'

மேலாளரை எவ்வளவு வேண்டுமானாலும் திட்டலாம். இந்த வாக்கியத்துக்காகத் திட்ட முடியாது. பீலரைக் கையில் வைத்துக்கொண்டு நான் முதலில் சொன்னது இது.

நேற்று ரேடியோ போன் செய்தாள். "கண்ணு, புதுசா எட்டு மூட்டை வந்து இறங்கியிருக்கு. யாரும் கடிச்சுப் பாக்கல. லைட்டு எரிஞ்சுக்கிட்டேதான் இருக்கு." இன்னும் ஏதோ சொல்ல வந்து, அழுதுவிட்டு வைத்துவிட்டாள். நான் அந்தச் சீட்டை மறுபடி எடுத்தேன். பின்பக்கத்தை அப்போதுதான் பார்த்தேன். வேலையிலிருந்து நிறுத்தப்பட்டவள், தன்னை உள்ளேயே விடாத ஸ்டோருக்காக எழுதியிருந்தாள்:

'வியாழன். லேப். திரும்பும்போது கறுப்புத் துணி, கெட்டியானது, நாலு மீட்டர். ரேடியோகிட்ட குடுத்து அலமாரியில போடச் சொல்லணும். லைட்டை அணைக்க மாட்டான், கிழங்கையாவது மூடணும்.'