எனக்குப் பிடிக்காமல் போன படம்

இந்த அமெரிக்க ஊரில் என் மகள் செல்வி சினிமாவுக்குக் கிளம்புமுன் போனைப் பார்ப்பாள். "எம்பத்தஞ்சு குடுத்திருக்காங்கம்மா, போலாம்" என்பாள், பரீட்சை மார்க் போல. புதுச்சேரியில் அப்படியா? மேட்னி விட்டு வருகிறவர்களை, கியூவில் நிற்கிற நாங்கள், "எப்டிக்கா?" என்போம். "நல்லா அழுவலாம்டி" என்று ஒருத்தி சொன்னால் போதும்.

இங்கே நூலகத்தில் மாதம் ஒரு மதியம் படம் போட்டு, முடிந்ததும் பேசுவார்கள். நடத்துகிறவர் ஃபிராங்க் என்ற பெரியவர். உள்ளூர்ப் பத்திரிகையில் சினிமா விமர்சனம் எழுதியே ஓய்வு பெற்றவர். அவர் சொல்வதைச் செல்வி எனக்குத் தமிழில் சொல்வாள். சினிமாவும் கலைதான் என்று எழுதிச் சண்டை போட்டவர்கள் முன்பு இங்கே இருந்தார்களாம். பேப்பரில் விமர்சனம் படித்துவிட்டுத்தான் ஜனம் டிக்கெட் வாங்குமாம். பிறகு விமர்சகர்கள் டிவியில் உட்கார்ந்து தீர்ப்புச் சொன்னார்களாம். இப்போது ஆளாளுக்குப் போனில் மார்க் போடுகிறார்கள். அவர் எழுதிய பக்கத்தையே பத்திரிகை எடுத்துவிட்டது. நூலகத்துக்கு வருகிறவர்களும் மார்க்கைச் சொல்லிவிட்டுக் கோட்டு மாட்டிக்கொண்டு கிளம்பிவிடுவார்கள். "இன்றைக்கும் பேச ஆளில்லை என்றால் இதை நிறுத்திவிடுவேன்" என்றார் ஒரு நாள். எனக்கு வெளி உலகம் என்று இருந்ததே அந்த ஒரு மதியம்தான். ஆனாலும் அஞ்சாவது படித்த நான் நாலு பேர் எதிரில் வாய் திறப்பேனா?

அன்றைக்கு ஒரு வேலைக்காரியின் கதை. முடிந்ததும் ஃபிராங்க் என்னைப் பார்த்துப் பிடித்ததா என்றார். நன்றாக இருந்தது என்று, நம்மூர் வழக்கப்படி தலையை இப்படியும் அப்படியும் ஆட்டினேன். பேச ஆள் கிடைத்ததுபோல் அவர் முகம் மலர்ந்துவிட்டது.

"அம்மா, நீ தலையாட்டுனது இவங்களுக்கு 'இல்ல'ன்னு அர்த்தம். புடிக்கலன்னு சொல்லிட்டியாம். ஏன்னு கேக்கறாரு" என்றாள் செல்வி.

"ஐயய்யோ, நா எங்கடி சொன்னேன்?"

"எல்லாரும் உன்னியே பாக்கறாங்க. எதுனா சொல்லும்மா."

பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்த ஒரு சொல்தா வீட்டில் இருபது வருஷம் சட்டி கழுவியவள் நான். வாயில் அதுதான் வந்தது. "அதுல நடிச்ச பொண்ணு ஒருநாளும் சட்டி கழுவனவ இல்ல. அடிப்பக்கத்தத் தொடவே இல்லியே! வீட்டுக்கார மதாம் சட்டியக் கவுத்துத்தான் பாப்பாங்க. வேலைக்காரி மொதல்ல அங்கதான் தேய்ப்பா."

செல்வி சொல்லி முடித்ததும் ஓட்டலில் வேலை பார்த்த ஒரு கிழவர் கையைத் தட்டினார். ஒரு அம்மாள், முகத்தில் நடிப்பு இருந்தால் போதாதா என்று அவரிடம் சண்டைக்குப் போனாள். ஒரு மணி நேரம் யாரும் எழவில்லை. "இத்தனை வருஷம் முகத்தையே பார்த்து எழுதிவிட்டேன், கையைப் பார்க்கவில்லை" என்றார் ஃபிராங்க். மாதக் கூட்டத்தை அவர் நிறுத்தவில்லை. என் சொல்லையும் ஒரு சொல்லாகக் காதில் வாங்கிய அவர்களை நான் நன்றியோடுதான் நினைக்கிறேன்.

போன தடவை புதுச்சேரிக்குப் போனபோது, மூலக்குளத்தில் இருக்கிற என் நாத்தனார் சினிமாவுக்குக் கூட்டிப்போனாள். விளக்குப் போட்டதும் சனம் கலைந்தது. நான் உட்கார்ந்தே இருந்தேன்.

"எழுந்திரு அண்ணி, ஆட்டோ கெடைக்காது."

"பேச வேணாமா?"

"யாருகிட்ட?"

ஷேர் ஆட்டோவில் அவளிடமே ஆரம்பித்தேன், நடுவில் யாரும் மொழிபெயர்க்காமல். சொல்லச் சொல்ல எனக்கே இனித்தது. பாதி வழியில் அவள் என் தோளில் சாய்ந்து தூங்கிவிட்டாள். மீதியை அமெரிக்கா திரும்பி நூலகத்தில் சொல்லிக்கொள்ளலாம் என்று மனசுக்குள் வைத்துக்கொண்டேன்.